மூணு லட்சம் கட்டச் சொன்ன உத்தரவுக்கு அப்பீல் உண்டா?

வாசகர் சட்டக் கேள்வி – பதில்

இந்த மாதம் வந்த கடிதங்களில் ஐந்து, ஒரே விஷயத்தைச் சுற்றி வந்தவை. புரோநோட்டு அல்லது பில்லை வைத்துப் போட்ட பண வழக்கு, சுருக்கமுறை விசாரணை (உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் 37-வது 'கட்டளை' என்ற பகுதியின்படி நடப்பது; கோர்ட் அனுமதி கொடுத்தால்தான் பிரதிவாதி எதிர்வாதம் செய்ய முடியும்), நடுவில் கோர்ட் போட்ட ஓர் உத்தரவு, அதை எங்கே போய்ச் சொல்வது என்ற தவிப்பு. மஞ்சக்குப்பத்தில் முப்பது வருடமாக வழக்கறிஞராக இருக்கிறேன். இதே தவிப்போடு என் அலுவலகப் படியேறி வருபவர்களை அடிக்கடி பார்க்கிறேன். அதனால் மற்ற கேள்விகளை அடுத்த இதழுக்கு எடுத்து வைத்துவிட்டு, இந்த ஐந்துக்கும் இங்கே பதில் எழுதுகிறேன்.

கேள்வி: திருப்பாதிரிப்புலியூரில் சின்னதாக ஜவுளிக்கடை வைத்திருக்கிறேன். கொரோனா ஓய்ந்த பிறகு சரக்கு எடுக்கத் தெரிந்தவர் ஒருவரிடம் ஆறு லட்சம் கடன் வாங்கினேன். தொகை, தேதி எதுவும் எழுதாத புரோநோட்டில் ரெவின்யூ ஸ்டாம்ப் மேல் கையெழுத்து மட்டும் போட்டுக் கொடுத்தேன். கூகுள் பே மூலமும் பேங்க் மூலமும் 4,20,000 ரூபாய் திருப்பிவிட்டேன். இப்போது முழு ஆறு லட்சமும் வட்டியும் கேட்டு 37-வது கட்டளையின் கீழ் வழக்குப் போட்டிருக்கிறார். எதிர்வாதம் செய்ய அனுமதி கேட்டேன். 'மூன்று லட்சத்தை நான்கு வாரத்தில் கோர்ட்டில் கட்டினால் அனுமதி' என்று உத்தரவாகிவிட்டது. இதற்கு அப்பீல் கிடையாது என்கிறார் என் வக்கீலின் ஜூனியர். சட்டம் படிக்கும் என் அக்கா மகனோ, 'முப்பது நாளுக்குள் மாவட்ட கோர்ட்டில் அப்பீல் போடலாம் மாமா' என்கிறான். பத்து நாள் போய்விட்டது. யார் சொல்வது சரி?

பதில்: ஜூனியர் சொல்வதுதான் சரி. ஆனால் அவர் பாதியில் நிறுத்திவிட்டார். மீதியைச் சொல்கிறேன்.

வழக்கின் முடிவாக வருவது டிகிரி, அதாவது தீர்ப்பாணை. வழக்கு நடக்கும்போதே இடையில் வருவது உத்தரவு. டிகிரி மேல் அப்பீல் போகும் உரிமையை உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 96-வது பிரிவு தருகிறது. உங்கள் அக்கா மகன் சொல்லும் முப்பது நாள் அந்த வகை அப்பீலை மனதில் வைத்துச் சொன்னதாக இருக்கும். உத்தரவுகளின் கதை வேறு. எந்தெந்த உத்தரவுக்கு அப்பீல் உண்டு என்று 104-வது பிரிவும் 43-வது கட்டளையும் பெயர் சொல்லிப் பட்டியல் போட்டிருக்கின்றன. பட்டியலில் இருந்தால் அப்பீல் உண்டு, இல்லையென்றால் இல்லை. 43-வது கட்டளையின் முதல் விதியை மேலிருந்து கீழ்வரை விரல் வைத்துப் படித்தாலும் 37-வது கட்டளை என்ற எண் அதில் வராது. தடை உத்தரவு இருக்கிறது, சொத்தைப் பார்த்துக்கொள்ள கோர்ட் வைக்கும் ரிசீவரின் நியமனம் இருக்கிறது, எக்ஸ்பார்ட்டி டிகிரியை, அதாவது பிரதிவாதி வராமலே ஆன டிகிரியை, ரத்து செய்ய மறுத்த உத்தரவு இருக்கிறது. எதிர்வாத அனுமதிக்கு நிபந்தனை போட்ட உத்தரவு இல்லை.

சரி, அப்படியானால் தவறான உத்தரவு ஒன்று வந்துவிட்டால் அதைச் சுமந்துகொண்டே போக வேண்டியதுதானா? இல்லை. 105-வது பிரிவு இருக்கிறது. இதைப் பற்றிக் கட்சிக்காரர்களுக்கு யாரும் எடுத்துச் சொல்வதில்லை என்பது என் நீண்ட நாள் வருத்தம். இடைக்கால உத்தரவுக்குத் தனி அப்பீல் இல்லாவிட்டாலும், கடைசியில் டிகிரி மேல் அப்பீல் போகும்போது, 'நடுவில் போட்ட இந்த உத்தரவு தவறு, அது தீர்ப்பையே பாதித்துவிட்டது' என்று அதே அப்பீலில் ஒரு காரணமாக எழுதிக்கொள்ளலாம். உங்கள் குறை செத்துப்போவதில்லை.

உங்களுக்கோ இப்போதே பரிகாரம் வேண்டும். அதற்கு ஒரு காலத்தில் 115-வது பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு போடுவார்கள். 2002 ஜூலை முதல் அந்தக் கதவைக் குறுக்கிவிட்டார்கள். நீங்கள் கேட்கிறபடியே உத்தரவு வந்திருந்தால் அதோடு வழக்கே முடிந்திருக்க வேண்டும், அப்படிப்பட்ட உத்தரவில்தான் அந்தப் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றம் தலையிட முடியும். உங்களுக்கு நிபந்தனையே இல்லாமல் அனுமதி கிடைத்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? வழக்கு முடிந்திருக்காது, தொடர்ந்திருக்கும். ஆக 115 உங்களுக்கு உதவாது. மிச்சம் இருப்பது அரசியலமைப்புச் சட்டத்தின் 227. கீழ் நீதிமன்றங்களை மேற்பார்வை செய்யும் அதிகாரம் அது. சென்னை உயர் நீதிமன்றத்தில் அதற்கும் சி.ஆர்.பி. (சிவில் ரிவிஷன் பெட்டிஷன், அதாவது சீராய்வு மனு) என்றுதான் எண் கொடுப்பார்கள், அதனால் ஊரில் எல்லாரும் 'ரிவிஷன் போட்டிருக்கிறோம்' என்றே சொல்வார்கள். ஆனால் அங்கே சாட்சியத்தை முதலிலிருந்து எடை போட மாட்டார்கள். அதிகார வரம்பை மீறிய தவறோ, கண்ணுக்குத் தெரிகிற அநீதியோ இருக்கிறதா என்றுதான் பார்ப்பார்கள்.

இனிதான் உங்கள் கடிதத்தில் நீங்களே கவனிக்காத இடத்துக்கு வருகிறேன். ஆறு லட்சம் வாங்கினேன், 4,20,000 கொடுத்தேன் என்று எழுதியிருக்கிறீர்கள். அப்படியானால் 1,80,000 பாக்கி என்று நீங்களே ஒப்புக்கொள்கிறீர்கள். பிரமாணப் பத்திரத்திலும் அப்படித்தான் சொல்லியிருப்பீர்கள் என்று நினைக்கிறேன். 37-வது கட்டளையின் மூன்றாவது விதியில், கடனில் ஒரு பகுதியைப் பிரதிவாதி ஒப்புக்கொண்டால் அந்தப் பகுதியைக் கோர்ட்டில் கட்டாமல் அனுமதி கொடுக்கக் கூடாது என்று தெளிவாக எழுதியிருக்கிறது. அதில் நீதிபதியின் விருப்பத்துக்கு இடமே இல்லை. எனவே மூன்று லட்சம் என்ற தொகையில் 1,80,000-ஐ எதிர்த்து நீங்கள் எந்தக் கோர்ட்டுக்குப் போனாலும் பலன் இருக்காது. உங்கள் உண்மையான சண்டை மிச்சமுள்ள 1,20,000-க்குத்தான்.

அந்த மிச்சத்துக்கு உங்கள் பக்கம் நியாயம் இருக்கிறது. 1958-லேயே சந்தோஷ் குமார் எதிர் பாய் மூல் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைப் பேசியிருக்கிறது. செக் பிணையாகக் கொடுத்தது, சரக்கின் பணத்தை வேறு வழியில் கொடுத்துவிட்டோம் என்பது அங்கே பிரதிவாதியின் வாதம். விசாரிக்க வேண்டிய வாதம்தான் என்று கீழ்க் கோர்ட்டே ஒத்துக்கொண்டது. ஆனால் ஆவணம் காட்டவில்லை என்று சொல்லிப் பிணைத்தொகை நிபந்தனை போட்டது. அந்த நிபந்தனையை உச்ச நீதிமன்றம் எடுத்துவிட்டது. பின்னாளில், 2016-ல், ஹப்டவுன் வழக்கில் படிப்படியாக வகுத்தும் சொன்னார்கள். நியாயமான வாதம் இருந்தால் சாதாரணமாக நிபந்தனை இல்லாமலே அனுமதி. வாதத்தின் நேர்மையில் சந்தேகம் வந்தால்தான் பணமோ பிணையோ கேட்கலாம். எனவே உங்கள் வக்கீல் உத்தரவை எடுத்து ஒரே ஒரு விஷயத்தைத் தேட வேண்டும்: உங்கள் வாதத்தில் ஏன் சந்தேகம் என்று நீதிபதி காரணம் எழுதியிருக்கிறாரா? காரணம் இல்லாமல் 'பாதித் தொகையைக் கட்டு' என்று மட்டும் இருந்தால் 227-ல் உங்கள் கை ஓங்கும். பேங்க் ஸ்டேட்மென்ட் ஏற்கெனவே கோர்ட்டில் தாக்கலாகி, அதைப் பற்றி உத்தரவில் ஒரு வரிகூட இல்லையென்றால் இன்னும் நல்லது.

ஆனால் ஐயா, இதையெல்லாம்விட முக்கியமானது அந்த நான்கு வாரம். நான் சீனியரிடம் சேர்ந்த புதிதில் நடந்ததைச் சொல்கிறேன். விருத்தாசலம் பக்கம் அரிசி ஆலை வைத்திருந்த ஒருவருக்கு இதேபோல் நிபந்தனை உத்தரவு வந்தது. சீராய்வு மனு தயார் செய்து, காகிதக் கட்டைப் பஸ்ஸில் சென்னைக்கு அனுப்பினோம். அவர் ஒவ்வொரு நாளும் சாயங்காலம் போன் செய்வார். 'சென்னையில் போட்டாச்சு' என்று நான்தான் பதில் சொன்னேன். போட்டாச்சு என்றால் நிறுத்தியாச்சு என்று அவர் எடுத்துக்கொண்டார். மனுவோ, சான்றிட்ட நகல் ஒன்று சேர்க்கவில்லை என்று நம்பர் ஆகாமலே திரும்பி வந்தது. சரிசெய்து மறுபடி அனுப்புவதற்குள் கெடு முடிந்து, டிகிரியும் ஆகிவிட்டது. அவர் அலுவலகத்துக்கு வந்து, மஞ்சள் பையிலிருந்து ரப்பர் பேண்ட் போட்ட நோட்டுக் கட்டுகளை எடுத்து மேஜைமேல் வைத்தார். பணம் அத்தனை நாளும் அவர் வீட்டு பீரோவில்தான் இருந்திருக்கிறது. ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் மறுநாள் காலை கட்டியிருப்பார். அந்தப் பையின் நிறம் எனக்கு இன்னும் மறக்கவில்லை. அன்றிலிருந்து எந்தக் கட்சிக்காரரிடமும் 'போட்டாச்சு' என்று மட்டும் சொல்லி நான் நிறுத்துவதில்லை. 'ஸ்டே வந்தால்தான் நின்றது, மனு போட்டதால் எதுவும் நிற்கவில்லை' என்பதையும் சேர்த்துச் சொல்வேன்.

உங்களுக்கு இன்னும் பதினெட்டு நாள் இருக்கிறது. உத்தரவு நகலுக்கு இன்னும் மனு போடவில்லை என்றால் நாளைக் காலையே போடச் சொல்லுங்கள். மொபைலில் இ-கோர்ட்ஸ் ஆப்பில் தெரியும் உத்தரவு படிப்பதற்குத்தான், மேல் கோர்ட்டுக்குக் கொண்டுபோகச் சான்றிட்ட நகல் வேண்டும். 1,80,000-ஐத் தயார் செய்து கெடுவுக்குள் கோர்ட்டில் கட்டுங்கள். பாதி கட்டியதால் உத்தரவை நிறைவேற்றியதாக ஆகாது, அதை மறக்க வேண்டாம். ஆனால் ஒப்புக்கொண்டதைக் கட்டிவிட்டு வந்திருக்கிறார் என்று சென்னையில் சொல்ல முடிவது பெரிய பலம். கூடவே, கெடு முடிவதற்கு முன்பே, காலத்தை நீட்டிக்கக் கேட்டு 148-வது பிரிவில் இங்கே ஒரு மனுவும் போடட்டும். அந்தப் பிரிவில் மொத்தம் முப்பது நாள்வரை நீட்டிக்கலாம். நம் கைமீறிய காரணம் இருந்தால் அதற்கு மேலும் கொடுக்கலாம் என்று 2005-ல், சேலம் வழக்கறிஞர் சங்கம் போட்ட வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. சென்னையில் ஸ்டே வராமல் கெடு நெருங்கினால், மீதி 1,20,000-ஐயும் எப்படியாவது புரட்டிக் கட்டிவிடுங்கள். கோர்ட்டில் கட்டும் பணம் எதிராளியின் கைக்கு அப்போதே போய்விடாது. வழக்கு முடியும்வரை அதை பேங்கில் வைப்புத்தொகையாகப் போடச் சொல்லிக் கேட்கலாம். ஜெயித்தால் திரும்பி வரும். கெடு தவறினால் எதிராளிக்கு அப்போதே டிகிரி வாங்கும் உரிமை வந்துவிடும்.

கேள்வி: நான் ஓய்வு பெற்ற ஆசிரியை, புதுச்சேரி லாஸ்பேட்டையில் இருக்கிறேன். பணிக்கொடையில் ஏழு லட்சத்தை அடுத்த தெருக்காரருக்குப் புரோநோட்டு எழுதி வாங்கிக் கொடுத்தேன். வழக்குப் போட்டால், 'அது என் கையெழுத்தே இல்லை' என்கிறார். ஒரு பைசாகூடக் கட்டச் சொல்லாமல் அவருக்கு எதிர்வாத அனுமதி கொடுத்துவிட்டது கோர்ட். பாதிக்கப்பட்ட எனக்கு அப்பீல் இல்லையா?

பதில்: அம்மா, உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். வாழ்நாள் சம்பாத்தியத்தைக் கொடுத்துவிட்டு, கண்ணெதிரில் போட்ட கையெழுத்தையே இல்லை என்று ஒருவர் சொல்வதைக் கேட்பது எவ்வளவு வலிக்கும் என்று புரிகிறது. ஆனாலும் உங்களிடம் உண்மையைச் சொல்ல வேண்டும். அப்பீல் இல்லை. 227-ல் போவதையும் நான் உங்களுக்குப் பரிந்துரைக்க மாட்டேன்.

மெக்கலெக் எஞ்சினியர்ஸ் என்று 1976-ல் வந்த வழக்கு, உங்களுடையதைப் போன்றதே. கீழ்க் கோர்ட் நிபந்தனை இல்லாமல் அனுமதி கொடுத்தது. வாதி டெல்லி உயர் நீதிமன்றத்துக்குச் சீராய்வுக்குப் போனார். உயர் நீதிமன்றம் அந்த அனுமதியை ரத்து செய்தது. உச்ச நீதிமன்றமோ, இப்படிப்பட்ட உத்தரவில் உயர் நீதிமன்றம் கை வைத்திருக்கவே கூடாது என்று சொல்லி, கீழ்க் கோர்ட் உத்தரவைத் திரும்ப நிலைநிறுத்தியது. அதன் காரணம் எளிது. அனுமதி கொடுத்ததால் நீங்கள் தோற்கவில்லை. எதிராளி பொய் சொல்கிறார் என்று நிரூபிக்கும் உரிமை முழுசாக உங்களிடமே இருக்கிறது. காலதாமதம் ஆகும். உங்கள் வயதில் அதுவே பெரிய கஷ்டம் என்பதை நான் மறுக்கவில்லை.

சென்னைக்குப் போகும் செலவையும் சக்தியையும் இங்கேயே செலவிடுங்கள். மூத்த குடிமக்கள் என்ற காரணத்தைச் சொல்லி விசாரணையைச் சீக்கிரம் எடுக்க மனு போடச் சொல்லுங்கள். கையெழுத்தை மறுத்திருப்பதால், அதே காலத்தில் அவர் போட்ட வேறு கையெழுத்துகளைத் தேடுங்கள். பேங்க் செக், பத்திரப் பதிவு, பிள்ளைகளின் பள்ளி விண்ணப்பம் என்று எங்காவது இருக்கும். அவற்றோடு ஒப்பிட நிபுணருக்கு அனுப்பக் கோரலாம். புரோநோட்டை நான் பார்த்ததில்லை, ஆனால் ஒன்றை மட்டும் கேட்டு வைக்கிறேன்: கையெழுத்து ஸ்டாம்பின் மேல் ஏறி, பாதி ஸ்டாம்பிலும் பாதி தாளிலும் விழுந்திருக்கிறதா? மேல் எழுத்தும் கையெழுத்தும் ஒரே மையா? சாட்சிக் கையெழுத்துப் போட்டவர் உயிரோடு இருக்கிறாரா? உங்கள் வழக்கு நிற்பதும் விழுவதும் இந்த மூன்றில்தான் இருக்கிறது.

அப்புறம், அவர் வீட்டை விற்கப் பார்க்கிறார் என்று கடைசி வரியில் போகிற போக்கில் எழுதியிருக்கிறீர்கள். அது போகிற போக்கில் எழுதும் விஷயம் இல்லை. உடனே 38-வது கட்டளையில், தீர்ப்புக்கு முந்திய ஜப்தி கேட்டு மனு போடுங்கள். யாரிடம் பேசுகிறார், எந்தத் தரகர், என்ன விலை என்று விவரத்தோடு போட வேண்டும். 'விற்கப் போவதாகக் கேள்விப்பட்டேன்' என்று மட்டும் எழுதினால் கோர்ட் ஏற்காது. அந்த மனுவில், எதிர்த்தரப்பின் பதிலையும் கேட்டபின் ஆறாவது விதியில் கோர்ட் போடும் உத்தரவு 43-வது கட்டளைப் பட்டியலில் இருக்கிறது. அதற்குச் சி.எம்.ஏ. எனப்படும் அப்பீல் உண்டு, உங்களுக்கும் உண்டு, அவருக்கும் உண்டு. ஒரே வழக்குக்குள் ஓர் உத்தரவுக்கு அப்பீல் இருப்பதும் இன்னொன்றுக்கு இல்லாமல் இருப்பதும் இப்படித்தான்.

கேள்வி: சென்னையில் இருக்கும் என் சித்தப்பா மகனுக்கு இதே மாதிரி வழக்கில் எதிர்வாத அனுமதியை மறுத்தார்கள். அவர் அந்த உத்தரவு மேலேயே அப்பீல் போட்டு, இரண்டு நீதிபதிகள் விசாரித்தார்கள். கடலூர் முதுநகரில் இருக்கும் எனக்கு மட்டும் ஏன் கிடையாது என்கிறார்கள்? ஆளுக்கொரு சட்டமா?

பதில்: உங்கள் சித்தப்பா மகன் சொல்வதும் உண்மை, உங்களுக்குச் சொன்னதும் உண்மை. அவருடைய வழக்கு சென்னை உயர் நீதிமன்றத்திலேயே, வழக்குகளை நேரடியாக எடுத்து விசாரிக்கும் அதன் அசல் பிரிவில் தாக்கலானதாக இருக்க வேண்டும். அங்கே தனி நீதிபதி தரும் 'தீர்ப்பு' மேல் இரு நீதிபதிகள் அமர்வுக்கு அப்பீல் போக, உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் கொடுத்த பழைய லெட்டர்ஸ் பேட்டன்ட் சாசனத்தின் 15-வது கூறு வழி வைத்திருக்கிறது. எது தீர்ப்பு, எது வெறும் உத்தரவு என்று 1981-ல் ஷா பாபுலால் கிம்ஜி வழக்கில் உச்ச நீதிமன்றம் விரிவாக எழுதியது. அதில் உதாரணமாக எடுத்துக்கொண்டதே 37-வது கட்டளையைத்தான். அனுமதி மறுத்தால் பிரதிவாதியின் மதிப்புள்ள உரிமை ஒன்று பறிபோகிறது, எனவே அது தீர்ப்பு, அப்பீல் உண்டு. அனுமதி கொடுத்தால் வாதிக்கு நேரடியாகப் பெரிய நஷ்டம் இல்லை, எனவே அது தீர்ப்பு ஆகாது, அப்பீல் இல்லை.

அந்தச் சாசனம் உயர் நீதிமன்ற நீதிபதியின் தீர்ப்புக்கு உரியது. கடலூர் சார்பு நீதிமன்றத்துக்கோ மாவட்ட நீதிமன்றத்துக்கோ அது பொருந்தாது. புதுச்சேரிக்கும் பொருந்தாது. பிரெஞ்சுக்காரர் காலத்துச் சட்டம் ஏதாவது அங்கே உதவுமா என்று சிலர் கேட்பதுண்டு. உரிமையியல் நடைமுறைச் சட்டம் 1968-ல் ஒரு விரிவாக்கச் சட்டத்தின் மூலம் புதுச்சேரிக்கும் வந்துவிட்டது. மேல் நீதிமன்றமும் நமக்கும் அவர்களுக்கும் ஒரே சென்னை உயர் நீதிமன்றம்தான். இந்த விஷயத்தில் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் வித்தியாசம் இல்லை.

கேள்வி: பண்ருட்டியில் முந்திரி வியாபாரம். சரக்கு வாங்கியதற்கு 11 லட்சம் பாக்கி என்று வணிக நீதிமன்றத்தில் என்மேல் சுருக்கமுறை வழக்கு. தரம் குறைந்த பருப்பை அனுப்பினார்கள் என்பது என் வாதம். அனுமதியை மறுத்து, அன்றே டிகிரியும் கொடுத்துவிட்டார்கள். அனுமதி மறுத்த உத்தரவுக்கு ஒன்று, டிகிரிக்கு ஒன்று என்று இரண்டு அப்பீல் போட வேண்டுமா?

பதில்: வேண்டாம். டிகிரி மேல் ஒரே அப்பீல் போதும். அனுமதி மறுத்தது தவறு என்பதை அந்த அப்பீலின் முதல் காரணமாக எழுதச் சொல்லுங்கள். முதல் கேள்வியில் சொன்ன 105-வது பிரிவு உங்களுக்கு அப்படியே பயன்படும். மறுத்த உத்தரவின் நகலும் டிகிரியின் நகலும் இரண்டும் வேண்டும்.

வணிக நீதிமன்றம் என்பதால் இரண்டு விஷயம் மாறும். 2015-ம் ஆண்டு வணிக நீதிமன்றங்கள் சட்டத்தின் 13-வது பிரிவில் அப்பீலுக்கு 60 நாள். அதே சட்டத்தின் 8-வது பிரிவு, இடைக்கால உத்தரவுகள் மேல் சீராய்வு மனுவே கூடாது என்கிறது. 2018-லிருந்து மூன்று லட்சமும் அதற்கு மேலும் மதிப்புள்ள வியாபார வழக்குகள் இதற்குள் வந்துவிடுவதால், முந்திரி, மீன், ஜவுளி என்று நம் பக்கத்து வியாபாரிகள் பலரும் தெரியாமலே இந்தச் சட்டத்துக்குள் நிற்கிறார்கள். இன்னொன்றும் பார்க்கச் சொல்லுங்கள். வழக்குப் போடுவதற்கு முன் சமரச முயற்சிக்கு வாதி போனாரா? அவசர இடைக்காலப் பரிகாரம் கேட்காத வணிக வழக்கில் அது கட்டாயம் என்று 2022-ல் பாட்டீல் ஆட்டோமேஷன் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

பணத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். அப்பீல் போட்டதாலேயே டிகிரி நின்றுவிடாது. பண டிகிரிக்கு 41-வது கட்டளையின்படி மேல் கோர்ட் பணம் கட்டவோ பிணை கொடுக்கவோ சொல்லும், அதைச் செய்தால்தான் ஸ்டே நிலைக்கும். தரம் குறைந்த பருப்பு என்றீர்கள். சரக்கு வந்த வாரத்தில் நீங்கள் அனுப்பிய வாட்ஸ்அப் செய்தி, திருப்பி அனுப்பிய மூட்டைகளின் லாரி ரசீது, இவை எதிர்வாத மனுவோடு போயிருந்தால் மேல் கோர்ட்டில் பேச இடம் உண்டு. '2022-ல் பி.எல். காஷ்யப் வழக்கில் அனுமதி கொடுப்பதுதான் வழக்கம், மறுப்பது விதிவிலக்கு என்று சொல்லியிருக்கிறார்கள்' என்று உங்கள் வக்கீலுக்கு நினைவுபடுத்துங்கள்.

கேள்வி: நெல்லிக்குப்பத்தில் எங்கள் வீட்டு வாசலில் அமீனா வந்து நோட்டீஸ் கொடுத்த பிறகுதான் அப்பா பேரில் டிகிரி ஆனதே எங்களுக்குத் தெரியும். அப்பா அந்தச் சமயம் பக்கவாதம் வந்து ஜிப்மரில் இருந்தார். சம்மன் வீட்டில் யாரோ வாங்கியதாக இருக்கிறது. என்ன செய்வது?

பதில்: சாதாரண வழக்காக இருந்தால், எக்ஸ்பார்ட்டி டிகிரியை ரத்து செய்யச் சொல்லி 9-வது கட்டளையின் 13-வது விதியில் மனு போடுவோம். சுருக்கமுறை வழக்கில் அது இல்லை, 37-வது கட்டளையின் நான்காவது விதிக்குத்தான் போக வேண்டும். தம்பி, இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தைக் கவனமாகப் புரிந்துகொள்ளுங்கள். இங்கே பலர் தடுக்கி விழுகிறார்கள்.

சாதாரண வழக்கில் 'ஏன் வரவில்லை' என்பதற்குக் காரணம் காட்டினால் போதும். நான்காவது விதியில் 'விசேஷச் சூழ்நிலை' காட்ட வேண்டும், அதோடு 'வந்திருந்தால் என்ன சொல்லியிருப்போம்' என்பதையும் காட்ட வேண்டும். 2003-ல் ரஜனி குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொன்னது. ஆஸ்பத்திரியில் இருந்தார் என்பதை மட்டும் எழுதி, கடனைப் பற்றி ஒரு வார்த்தையும் எழுதாத மனு தள்ளுபடியாகும். எனவே அப்பா அந்தப் பணத்தை வாங்கினாரா, எவ்வளவு, எவ்வளவு திருப்பினார், எதில் ஆதாரம் இருக்கிறது என்று உட்கார்ந்து எழுதுங்கள். அப்பாவால் பேச முடியாவிட்டால் அம்மாவுக்குத் தெரிந்திருக்கும்.

அந்த மனுவிலேயே டிகிரி நிறைவேற்றத்தை நிறுத்தி வைக்கவும் கேட்கலாம், அதே விதியில் அதற்கும் அதிகாரம் இருக்கிறது. மனு தள்ளுபடியானால் அந்த உத்தரவுக்கு அப்பீல் உண்டா என்று அடுத்துக் கேட்பீர்கள். 9-வது கட்டளை உத்தரவு 43-ன் பட்டியலில் இருக்கிறது, 37-ன் நான்காவது விதி இல்லை. திரும்பவும் 227-க்குத்தான் வர வேண்டும். டிகிரி மேல் நேராக அப்பீல் போகும் உரிமையும் இருக்கிறது, ஆனால் அதற்கான நாள் ஓடிக்கொண்டிருக்கிறது. மாவட்ட நீதிமன்றத்துக்கு என்றால் முப்பது நாள், உயர் நீதிமன்றத்துக்கு என்றால் தொண்ணூறு. அவை முடிந்திருந்தால் தாமதத்தை மன்னிக்கக் கேட்டுக் கூடுதலாக ஒரு மனு போட வேண்டும்.

நகல் வாங்கும்போது கடைசிப் பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள். மனு போட்ட தேதி, முத்திரைத்தாள் கேட்ட தேதி, கட்டிய தேதி, நகல் தயாரான தேதி, கையில் கொடுத்த தேதி என்று வரிசையாக ரப்பர் ஸ்டாம்பில் இருக்கும். நகல் வாங்க ஆன நாட்களைக் கெடுக் கணக்கில் சேர்க்க மாட்டார்கள். ஆனால் முத்திரைத்தாள் கேட்ட பிறகு நீங்கள் தாமதித்த நாட்கள் உங்கள் கணக்கில்தான் விழும்.

நாளைக்கே செய்ய வேண்டியது இரண்டு. ஜிப்மரில் அப்பாவின் டிஸ்சார்ஜ் சம்மரியில் சேர்த்த தேதியும் வெளியே வந்த தேதியும் சரியாக இருக்கின்றனவா என்று பாருங்கள். பிறகு கோர்ட்டில் சம்மன் திரும்பிய தாளின் நகலுக்கு மனு போடுங்கள். வாங்கியதாகக் கையெழுத்துப் போட்டது யார், என்றைக்கு என்பது அந்தத் தாளில் இருக்கும். அந்தத் தேதி ஆஸ்பத்திரித் தேதிகளுக்கு நடுவில் விழுந்தால், இரண்டு தாளையும் பின் போட்டு எடுத்துக்கொண்டு உங்கள் வக்கீலிடம் போங்கள்.